குழறல் நாயகம்

ரதி கேட்டது ஒன்றே ஒன்றுதான். தன்னுடைய செத்தவீட்டில் ஒருவரும் சிரிக்கக் கூடாது.

வேறு ஊர்க்காரர் கேட்டால் விழிப்பார்கள். சாகப்போகிற மனுசி நல்ல சேலை கட்டிவிடச் சொல்லலாம், மகளைப் பார்த்துக்கொள்ளச் சொல்லலாம், இதையா கேட்பாள்? செத்தவீட்டில் யாராவது சிரிப்பார்களா? ஆனால் ரொறன்ரோவில் கொஞ்சக் காலம் இருந்த எந்தத் தமிழரிடமாவது போய் ரதி யாருடைய மனைவி என்று கேட்டுப் பாருங்கள். "எங்கடை குழறல் நாயகத்தின்ரை மனிசியோ?" என்பார்கள். சொல்லும்போதே வாய் ஒரு பக்கம் கோணும். பெயரைச் சொன்னதற்கே சிரிக்கிற சனம், அந்த மனிதர் பெண்சாதியின் பெட்டிக்கு முன்னால் நின்று அழுதால் என்ன செய்யும் என்று ரதிக்குத் தெரியாதா?

ஆஸ்பத்திரிக் கட்டிலில் சாய்ந்திருந்தபடி ஒரு பின்னேரம் அவள் கதையைத் தொடங்கினாள்.

"இஞ்சருங்கோ, நான் போனாப் பிறகு நீங்கள் அழக் குடாது."

"விசர்க் கதை கதையாமல் பேசாமல் படுத்திரும்."

"விசர்க் கதையில்லை. நீங்கள் அழுதியளெண்டால் சனம் சிரிக்கும். அண்ணையின்ரை செத்தவீட்டிலை சிரிச்சவை. எனக்கும் சிரிப்பினம். இவ்வளவு காலமும் உங்களோடை மாரடிச்சிருக்கிறன். கடைசி நாளிலையாவது என்னை மரியாதையா அனுப்பிவிடுங்கோ."

நாயகம் யன்னலைப் பார்த்தார். வெளியே மார்ச் மாதத்து அழுக்குப் பனி.

"சரி. அழமாட்டன்."

"என்ரை தலையிலை கை வைச்சுச் சொல்லுங்கோ."

மருந்தில் மயிரெல்லாம் கொட்டிப்போன தலை. கை வைத்தபோது காய்ச்சலில் சுட்டது. அந்தத் தலையில் கையை வைத்துக்கொண்டு, அழமாட்டேன் என்று நாயகம் சத்தியம் செய்தார். சத்தியம் செய்யும்போதே அவருடைய உதடு கோணியது. ரதி அவருடைய முகத்தைப் பார்த்துவிட்டு, "இப்பவே தொடங்கிறியள்" என்று கண்ணை மூடிக்கொண்டாள்.

அருள்நாயகம் என்பது தகப்பன் ஆசைப்பட்டு வைத்த பெயர். குழறல் என்பது ஊர் வைத்தது. குழறுவது என்றால் யாழ்ப்பாணத்தில் வாய்விட்டுக் கதறி அழுவது. அழுகையைத் தொழிலாக வைத்துச் சிரிப்பை அறுவடை செய்தவர் எங்கள் ஆட்களில் இவர் ஒருவர்தான்.

கலைத் தாகத்தில் மேடை ஏறினார் என்று பிற்காலத்தில் பொன்னாடை போர்த்தியவர்கள் எல்லாரும் பேசினார்கள். ஒரு தாகமும் இல்லை. ஊரில் கூட்டுறவுச் சங்கக்கடையில் சீனி நிறுத்துக்கொண்டிருந்தவர். கோயில் திருவிழாவில் விடிய விடிய நாடகம் போடுவார்கள். ராசா வேசக்காரர் உடுப்பு மாற்றி வரும்வரை திரைக்கு முன்னால் ஒருவன் நின்று சனத்தைப் பிடித்து வைத்திருக்க வேண்டும். அதற்கென்று இருந்த பபூன் அன்று கள்ளுக் குடித்து விழுந்து கிடந்தான். பக்கத்தில் நின்ற நாயகத்தை யாரோ பிடித்துத் தள்ளிவிட்டார்கள். சொல்ல ஒரு வசனமும் இல்லை. சனத்தைப் பார்த்தபடி அப்படியே நின்றார். நாடி, அதுதான் மோவாய், நடுங்கத் தொடங்கியது. உதடு கோணியது. பிறகு, ஐயோ சிவனே, பயத்தில் பெருங்குரலெடுத்து அழுதுவிட்டார். சனம் விழுந்து புரண்டு சிரித்தது. அடுத்த திருவிழாவுக்கு அவரைத் தேடி வந்து கேட்டார்கள்.

எண்பத்தாறில் கனடாவுக்கு வந்தார். ரொறன்ரோவின் பார்க்டேலில் கரப்பான் பூச்சி ஓடுகிற ஒரு அப்பாட்மென்ற். ஒரே அறைக்குள் நெருக்கியடித்துக்கொண்டு ஆம்பிளைகள். பகலில் உணவகத்தில் கோப்பை கழுவினார். அந்தக் காலத்தில் ஊரிலிருந்து செய்தி வந்தால் அது சாவுச் செய்திதான். அந்த அறையில் ஒருவனுக்குத் தகப்பன் போனார், இன்னொருவனுக்குத் தம்பி. செத்தவீட்டுக்குப் போக வழியில்லை. அடுத்த நாள் காலை எல்லாரும் வேலைக்குப் போனார்கள்.

அப்படிப்பட்ட சனத்துக்கு முன்னால்தான், ஒரு தேவாலயத்தின் நிலக்கீழ் மண்டபத்தில், நாயகம் தன் பெயர்பெற்ற பகிடியை முதல்முதல் செய்து காட்டினார். 'மாறிப்போன செத்தவீடு' என்று பெயர். கதை இவ்வளவுதான். கனடாவுக்குப் புதிதாக வந்த ஒருவர் தூரத்துச் சொந்தக்காரரின் செத்தவீட்டுக்குப் போகிறார். இங்கே ஒரே கட்டடத்தில் நாலைந்து அறைகளில் நாலைந்து சவம் வைத்திருப்பார்கள். ஆள் அவசரத்தில் பக்கத்து அறைக்குள் நுழைந்துவிடுகிறார். நுழைந்ததும் நிற்பார். ஒரு சத்தமும் இல்லை. நாடி மட்டும் நடுங்கும். சனம் அங்கேயே சிரிக்கத் தொடங்கிவிடும். பிறகு தலையில் கை வைத்து, "என்ரை ராசா அண்ணை" என்று அடிவயிற்றிலிருந்து எடுப்பார். எடுத்த அழுகையை நடுவில் வெட்டி, பக்கத்தில் நிற்பவரிடம், "தம்பி, சாப்பாடு எத்தினை மணிக்கு?" என்று இரகசியம் கேட்பார். மறுபடியும் விட்ட இடத்திலிருந்து குழறுவார். கடைசியில் பெட்டியை எட்டிப் பார்த்தால் உள்ளே ஒரு வெள்ளைக்காரக் கிழவி. சனத்தைப் பார்ப்பார். பெட்டியைப் பார்ப்பார். "சரி, வந்ததுக்கு அழுதிட்டுப் போவம்" என்று மிச்சத்தையும் அழுது முடிப்பார்.

அன்று சிரித்தவர்கள் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தார்கள். போக முடியாமல் போன செத்தவீடுகள் எல்லாம் அவர்களுக்கு நினைவு வந்திருக்கும். நாயகத்துக்கும் அது தெரிந்துதான் இருந்தது.

பிறகென்ன, ஆடிய காலும் பாடிய வாயும் சும்மா இருக்குமா? பழைய மாணவர் சங்கத்தின் கலைமாலையா, கூப்பிடு நாயகத்தை. கோயில் நிதிக்கு நிகழ்ச்சியா, கூப்பிடு நாயகத்தை. ஸ்காபரோவில் அவர் ஏறாத பள்ளிக்கூட மேடை இல்லை. வாரம் முழுக்கத் தொழிற்சாலையில் பெட்டி அடுக்குவார். சனி, ஞாயிறு குழறுவார். அவருக்கு முன்னால் மேடையேறி, "உங்கள் அபிமான நகைச்சுவை மன்னன்" என்று நீட்டி முழக்கி அழைப்பவர் சச்சிதானந்தன். இந்த ஊரில் கல்யாணம், பூப்பு நீராட்டு, புத்தக வெளியீடு, செத்தவீடு எல்லாவற்றுக்கும் அவர்தான் அறிவிப்பாளர். எல்லாவற்றுக்கும் ஒரே குரல்.

ரதி ஒருமுறையும் சிரித்ததில்லை. "உங்கடை பகிடிக்குச் சிரிக்க ஊர் கிடக்கு. எனக்குச் சமையல் கிடக்கு" என்பாள். ஆனாலும் அவருடைய மேடை வேட்டியை அவள்தான் தோய்ப்பாள். வேறு ஒருவரையும் தொடவிடமாட்டாள்.

மேடையோடு நின்றிருந்தால் ஒரு கரைச்சலும் இல்லை. மேடைக் குழறல் பெரிய குழறல், கடைசி வரிசைக் கிழவிக்கும் கேட்கிற குழறல். உண்மையில் ஒருவரும் அப்படி அழுவதில்லை. திரை மூடினால் அது முடிந்துவிடும். வீட்டுக்குப் போனால் அவர் வெறும் அருள்நாயகம்.

முதலில் வீடியோ கசெற் வந்தது, பிறகு தமிழ்த் தொலைக்காட்சி வந்தது. ஒவ்வொரு கிழமையும் ஒரு பகிடி. முதல் நாளே கமராக்காரப் பெடியன் காதைப் பொத்திக்கொண்டு சொன்னான்: "அண்ணை, மைக் சட்டையிலை இருக்கு. ஏன் கத்திறியள்?" நாயகம் குறைத்தார். இன்னும் குறையுங்கோ என்றான். இன்னும் குறைத்தார். குறைக்கக் குறைக்கச் சனம் கூடச் சிரித்தது. மேடையில் கை, கால், இடுப்பு எல்லாம் அழ வேண்டும். கமராவுக்கு நாடி நடுங்கினால் போதும் என்று அவருக்கு மெல்ல மெல்லப் பிடிபட்டது. அப்படியே குறைத்துக் குறைத்து வந்த மனிதர், கடைசியில் உண்மையாக ஒருவர் அழுகிற அளவுக்கு வந்து நின்றார். அதுதான் ஆபத்து என்று அப்போது யாருக்குத் தெரியும்?

ஜெனோசன் என்ற பெடியன் படம் எடுக்க வந்தான். முழுநீளப் படம். மார்க்கம் நகரில் ஒரு பெரிய வீட்டை வாடகைக்கு எடுத்து, நடுக் கூடத்தில் பெட்டி வைத்து, 'மாறிப்போன செத்தவீட்டை'ப் படத்துக்குள் செருகினான். முகத்துக்குக் கிட்டக் கமராவைக் கொண்டுவந்து வைத்தான். நாயகம் தன் வழக்கமான அழுகையை அழுதார்.

"அங்கிள், அக்ரிங் வேண்டாம். உண்மையா அழுங்கோ."

"உண்மையா எண்டால் என்னண்டு?"

"உங்களுக்கு ஆராவது செத்திருப்பினம்தானே. அவையை நினையுங்கோ."

நாயகத்தின் தாய் தொண்ணூற்றைந்து இடப்பெயர்வில், சாவகச்சேரிப் பக்கம் யாரோ ஒருவருடைய மாட்டுக் கொட்டிலில் செத்துப்போனவள். செய்தி இங்கே வந்து சேர்ந்தபோது முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிகூட முடிந்திருந்தது. அழ ஒரு சவமும் இல்லை, கூடி அழ ஒரு வீடும் இல்லை. அன்றும் அவர் வேலைக்குப் போனார். அந்த அழுகை அழப்படாமல் உள்ளே கிடந்தது. ஜெனோசன் கேட்டதும் அதை எடுத்தார். ஒரே தடவையில் காட்சி சரிவந்தது. நின்றவர்கள் கைதட்டினார்கள். ஜெனோசன் கட்டிப்பிடித்தான்.

படம் ஓடிய அரங்கில் அந்த இடம் வந்தபோது சனம் கதிரையில் இருந்து வழுகி விழாத குறை. நாயகமும் சேர்ந்து சிரித்தார். ரதி மட்டும் திரையைப் பார்த்தபடி இருந்தாள். காரில் வரும்போது கேட்டாள்.

"உது பகிடி அழுகை இல்லை. ஆருக்கு அழுதனீங்கள்?"

அவர் வீதியைப் பார்த்து ஓட்டிக்கொண்டிருந்தார்.

"அம்மாவுக்கு."

"அதைக் கொண்டுபோய்ச் சனத்துக்குச் சிரிக்கக் குடுத்திட்டியளே!"



படம் பெரிதாக ஓடவில்லை. ஆனால் அந்தத் துண்டு ஓடியது, இன்றைக்கும் ஓடுகிறது. முன்னுக்கு என்ன நடந்தது, பின்னுக்கு என்ன நடந்தது ஒன்றும் கிடையாது. நாயகத்தின் முகம், நாடி நடுக்கம், அந்த அழுகை, அவ்வளவுதான். வாட்ஸ்அப்பில் ஸ்டிக்கராகவும் வந்துவிட்டது. பார்க்கிங் ரிக்கெற் கிடைத்தால் நாயகம் அழுவார். சோறு அடிப்பிடித்தால் நாயகம் அழுவார். இலண்டனில், பாரிஸில், அவரைக் கண்ணால் காணாதவர்களின் போனிலெல்லாம் அவர் அழுதார். ஒரு மனிதன் தன் தாய்க்கு அழுத அழுகை ஒரு ஊருக்கே விளையாட்டுச் சாமானாகிப்போனது. கோதாரி பிடித்த உலகம்!

இதற்குப் பிறகுதான் ரதியின் அண்ணன் இறந்தார். நாயகத்தைக் கனடாவுக்கு அழைத்து, பார்க்டேலில் தன் பாயில் பாதியைக் கொடுத்த மனிதர். மச்சான் என்பதைவிடச் சிநேகிதன் என்று சொல்லலாம். செத்தவீட்டில் நாயகத்தை இரண்டு வார்த்தை பேச அழைத்தார்கள். ஒலிவாங்கிக்கு முன்னால் போய் நின்றார். பெட்டிக்குள் மச்சானின் முகத்தைப் பார்த்தார். வார்த்தை வரவில்லை. நாடி நடுங்கியது.

பின்வரிசையில் ஒரு பெடியன் 'க்ளுக்' என்றான். அவனுக்குப் பக்கத்தில் இருந்தவள் அவனை இடித்துவிட்டுத் தானும் வாயைப் பொத்தினாள். அது வரிசை வரிசையாக முன்னுக்கு வந்தது. பெரியவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள், தோள்கள் குலுங்கின. அழுதா குலுங்கின? நாயகம் அடக்கப் பார்த்தார். அடக்கியது வெடித்து அழுகையாக வந்தது. படத்தில் வந்த அதே அழுகை. மண்டபம் தாங்கவில்லை. செத்தவரின் மனைவி எழும்பி, "எல்லாரும் வெளியிலை போங்கோ!" என்று கத்தினாள். வெளிநாட்டுச் சொந்தங்களுக்காக நேரலையில் போன செத்தவீடு அது. அன்று பின்னேரமே அந்தத் துண்டும் போன்களில் சுற்றியது.

ரதி முன்வரிசையில் இருந்து எல்லாவற்றையும் பார்த்தாள். அன்றைக்குப் பிறகு நாயகம் மேடை ஏறவில்லை. செத்தவீடுகளுக்குப் போனாலும் வாகனத் தரிப்பிடத்தில் நின்று, வருகிறவர் போகிறவரின் கையைப் பிடித்துவிட்டுத் திரும்புவார்.

இப்போது விளங்கும், ரதி ஏன் அந்தச் சத்தியத்தைக் கேட்டாள் என்று.

சத்தியம் செய்துவிட்டு வந்த நாயகம் தனக்குத் தெரிந்த ஒரே வழியில் இறங்கினார். ஒத்திகை பார்த்தார். குளியலறைக் கண்ணாடிக்கு முன் நின்று, ரதி செத்துவிட்டாள் என்று நினைத்து, அழாமல் இருந்து பார்த்தார். முதல் நாளே பயந்துபோனார். அழாமல் வாயை இறுக்கிக்கொண்டு நின்றால், அது குழறலுக்கு முந்தின அந்த மௌனம். உலகம் முழுவதும் தெரிந்த மௌனம். அதற்குத்தான் சனம் முதலில் சிரிக்கும். அழுதாலும் பகிடி, அழாவிட்டாலும் பகிடி. எந்தப் பக்கம் திரும்பினாலும் கண்ணாடியில் குழறல் நாயகம்தான் நின்றார்.

பிறகு வேறு வழி பிடித்தார். நாக்கைப் பல்லுக்கிடையில் வைத்துக் கடித்தால் நாடி நடுங்காது. கண்ணை ஒரு பொருளில் வைத்து, அது என்ன நிறம், எதால் செய்தது என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டே இருந்தால் முகம் செத்துப்போகும். ஆஸ்பத்திரியில் ரதிக்குப் பக்கத்தில் இருந்துகொண்டே பழகினார். அவள் வலியில் முனகும்போது சேலைன் போத்தலைப் பார்த்து, பிளாஸ்ரிக், வெள்ளை, பிளாஸ்ரிக், வெள்ளை என்று சொல்லிக்கொண்டிருந்தார். மகள் சாம்பவி ஒருநாள், "அப்பா, ஆர் யு ஓகே?" என்று கேட்டாள். "ஓம் பிள்ளை" என்றார்.

சச்சிதானந்தனுக்குப் போன் எடுத்து, "என்னைப் பேசக் கூப்பிடாதை" என்று கெஞ்சினார். "சத்தியமாய்க் கூப்பிடமாட்டன்" என்றார் அவர். நேரலையை நிற்பாட்டலாமா என்று மகளிடம் கேட்டார். பாரிஸில் இருக்கிற ரதியின் தங்கைக்கு நடக்க ஏலாது, அவ எப்படிப் பார்ப்பது என்று மகள் கேட்டாள்.

ரதி ஏப்ரலில் ஒரு காலைவேளை போனாள். நாயகம் நாக்கைக் கடித்துக்கொண்டு அவளுடைய கண்ணை மூடிவிட்டார்.

செத்தவீட்டன்று மண்டபம் நிரம்பி வழிந்தது. பாதிப் பேர் ரதியைப் பார்க்க வந்தார்கள். மீதிப் பேர் எதைப் பார்க்க வந்தார்கள் என்று சொல்லவும் வேண்டுமா? நாயகம் கறுப்புக் கண்ணாடியும் முகக்கவசமும் போட்டு முன்வரிசையில் இருந்தார். சச்சிதானந்தன் ஒவ்வொருவராகப் பேச அழைத்தார். எல்லாம் நல்லபடியாகத்தான் போனது. பிறகு வாய்ப்பழக்கம் என்ற பேய் அந்த மனிதரைப் பிடித்தது.

"அமரர் ரதிதேவி அவர்களின் அன்புக் கணவர், உங்கள் அபிமான நகைச்சுவை மன்னன்..."

சொன்ன பிறகுதான் அவருக்கே உறைத்தது. அதற்குள் பின்னால் யாரோ கையைத் தட்டிவிட்டார்கள். செத்தவீட்டில் கைதட்டல்! சாம்பவி தகப்பனின் கையை இறுக்கிப் பிடித்தாள். நாயகம் எழும்பவில்லை. முன்னால் கிடந்த கம்பளத்தைப் பார்த்தார். சிவப்பு, கம்பளி, சிவப்பு, கம்பளி. சச்சிதானந்தன் இருமிவிட்டு அடுத்தவரை அழைத்தார்.

கிரியை தொடங்கியது. ஆண்பிள்ளை இல்லாதபடியால் நாயகம்தான் செய்ய வேண்டும். மேற்சட்டையைக் கழற்றச் சொன்ன ஐயர், கண்ணாடியையும் முகக்கவசத்தையும் கழற்றச் சொன்னார். கழற்றினார். எழுபது தாண்டிய ஒரு மனிதரின் வெறும் மார்பும் வெறும் முகமும். அங்கங்கே போன்கள் உயர்ந்தன. நாடியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள் எல்லாரும்.

நாடி நடுங்கவில்லை. வாய்க்கரிசி போடும்போது நடுங்கவில்லை. பெண்கள் பெட்டியைச் சுற்றி நின்று குழறியபோது நடுங்கவில்லை. பெட்டியை மூடும்போது சாம்பவி "அம்மா!" என்று விழுந்தாள், அப்போதும் இல்லை. நாக்கில் இரத்தம் கரித்தது. விழுங்கினார். அரிசி, வெள்ளை, அரிசி, வெள்ளை. அவர் நடித்ததெல்லாவற்றிலும் கடினமான வேசம் அதுதான். ஒருவரும் சிரிக்கவில்லை.

சிரிக்கவில்லையே தவிர வாய் சும்மா இருந்ததா? ஊர் வாயை மூட உலைமூடி ஏது! "பாத்தியே, ஒரு துளி கண்ணீர் இல்லை" என்று இரண்டாம் வரிசையில் ஒரு பெண் பக்கத்தில் இருந்தவளுக்குச் சொன்னது அவருக்கே கேட்டது. "கல்லுளிமங்கன். மேடையிலை மட்டும்தான் உவருக்கு அழுகை வரும்." பாரிஸில் இருந்த ரதியின் தங்கை சாம்பவியின் போனில் வந்து, "என்ரை அக்கா உந்த மனிசனோடை என்ன வாழ்ந்தவள்?" என்று கத்தினாள். நாயகம் எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டார். அவருக்கு உள்ளுக்குள் ஒரு நிம்மதிகூட வந்தது. ஏசட்டும். ஏசுகிறவள் சிரிக்கமாட்டாள்.

தகனம் பக்கத்துக் கட்டடத்தில். அந்த அறைக்குள் நெருங்கிய சொந்தம் மட்டும் போகலாம், கமரா கிடையாது. நாயகம், சாம்பவி, ரதியின் அண்ணி, ஐயர். அங்கே வேலை செய்கிற வெள்ளைக்காரர் ஒருவர் மூலையில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். கதவு சாத்தப்பட்டது. வெளியே சனத்தின் இரைச்சல் நின்றுபோனது.

பெட்டி உருளைகளின் மேல் இருந்தது. அதற்கு அப்பால் இரும்புக் கதவு. சுவரில் ஒரு பச்சைப் பட்டன். "பட்டனை அமத்துங்கோ" என்றார் ஐயர்.

நாயகம் பெட்டியைப் பார்த்தார். சத்தியம் நிறைவேறிவிட்டது. சனம் இல்லை, போன் இல்லை. இனி அழலாம். இங்கே நிற்பது ரதியின் மகளும் அண்ணியும், இவர்களுக்கு முன்னால் அழலாம். கடித்த நாக்கை விட்டார்.

நாடி நடுங்கியது. கை தானாகத் தலைக்குப் போனது. அடிவயிற்றிலிருந்து அது புறப்பட்டு வந்தது. இத்தனை வருடக் கோபதாபம், தோய்த்துத் தந்த வேட்டிகள், அந்த மயிரில்லாத சுட்ட தலை எல்லாம் சேர்ந்து வந்தது. "ரதீ" என்று குழறினார். அவருக்கு அழ வேறு விதம் தெரியாது. ஒரு மனிதனுக்கு இருப்பது ஒரே ஒரு அழுகைதானே.

பின்னால் சாம்பவியும் விம்முவது கேட்டது. பிள்ளையைப் பிடித்துக்கொள்ளலாம் என்று திரும்பினார்.

அவள் விம்மவில்லை. இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தாள். கண்ணிலிருந்து கண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது, உடம்பு முழுவதும் நடுங்கியது, ஆனால் அது சிரிப்புத்தான். அடக்க அடக்க விரலிடுக்கால் பீறிட்டது. சின்னப் பிள்ளையாக இருந்தபோது அவள் அழுதால் நாயகம் அவளைவிடப் பெரிதாக அழுது காட்டுவார். விழுந்து முழங்கால் உரஞ்சினாலும், ஊசி போட்டாலும், தகப்பன் இப்படிக் குழறுவார், அவள் சிரித்து அடங்குவாள். அதை அவளுடைய உடம்பு மறக்கவில்லை. தாயைப் பறிகொடுத்து நிற்கிற பிள்ளையை அந்தச் சத்தம் பிடித்து உலுக்கிச் சிரிக்கவைத்தது.

"சொறி அப்பா... ஐயோ, சொறி... எனக்கு நிப்பாட்ட ஏலாமல் கிடக்கு..."

நாயகத்தின் அழுகை பாதியில் நின்றது. அண்ணி சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள். ஐயர் புத்தகத்தைப் புரட்டினார். மூலையில் நின்ற வெள்ளைக்காரர் கண்ணைத் துடைத்துவிட்டுக் கிட்ட வந்து, நாயகத்தின் தோளில் கையை வைத்தார். அவர் அந்தத் துண்டைப் பார்த்ததில்லை, நாயகத்தை யாரென்றும் தெரியாது. இன்னும் கொஞ்ச நேரம் வேண்டுமா என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

"வேண்டாம்" என்று தலையை ஆட்டிவிட்டு நாயகம் பட்டனை அமத்தினார். இரும்புக் கதவு உயர்ந்தது. பெட்டி உள்ளே போனது.

வீட்டுக்குத் திரும்பும்போது சாம்பவிதான் கார் ஓட்டினாள். நெடுஞ்சாலையில் ஏறிய பிறகு அவளுக்கு உண்மையான அழுகை வந்தது. ஒரு கையால் ஓட்டிக்கொண்டு மறு கையால் மூக்கைத் துடைத்தாள். வெகுநேரம் கழித்துக் கேட்டாள்.

"அப்பா, நான் சிரிச்சது அம்மாக்குக் கேட்டிருக்குமோ?"

நாயகம் அவளுடைய தலையைத் தடவினார்.

"கேட்டிராது பிள்ளை. நான் குழறின குழறலுக்குள்ளை உன்ரை சத்தம் அமந்துபோச்சு."

அது பொய். அவர் குழறலை நிறுத்திய பிறகும், பட்டனை அமத்தும்வரை, அந்த அறையில் கேட்டுக்கொண்டிருந்தது அவளுடைய சிரிப்பு மட்டும்தான்.